அறுபது கோடி கோடி கோடி

பாகலூர்
29-4-1957

மாமாவுக்கு,

இது நலம் விசாரிக்கும் கடிதம் அல்ல. அத்தை நன்றாக இருப்பார், நீங்களும் நன்றாகத்தான் இருப்பீர்கள். நான் நன்றாக இல்லை. காரணம் உங்கள் சிவப்பு மை.

புதிதாகத் திறக்கும் எங்கள் பக்கத்து உயர்நிலைப்பள்ளியில் ரசாயன ஆசிரியர் வேலைக்கு இரண்டு பேர் பரீட்சை எழுதினோம். ஒருத்தி நான். மற்றவர் ஆஞ்சப்பன், இந்தப் பக்கத்துக்காரர்தான், ஆனால் மாலூரில் கன்னடத்தில் படித்தவர். கிருஷ்ணகிரியிலிருந்து ஒரு வாத்தியார் தமிழில் பத்துக் கேள்வி எழுதிக் கொடுத்துவிட்டு, விடுமுறைக்குத் தெற்கே தன் ஊருக்குப் போய்விட்டார். பள்ளிக் கமிட்டியில் ரசாயனம் தெரிந்த ஆள் கிடையாது. தலைவர் திம்மராயன் யோசித்து, பெங்களூரில் கல்லூரி ஆய்வுக்கூடத்தில் இருக்கும் முனிராஜ் கை தவறாதவன் என்று விடைத்தாள்களை உங்களிடம் அனுப்பினார். பெயருக்குப் பதில் ஒன்று, இரண்டு என்று எண் போட்டு அனுப்பினாராம். என் கையெழுத்து உங்களுக்குத் தெரியாதா என்ன?

குமாஸ்தா என் தாளைக் காட்டினார். ஒன்பது விடை சரி. பத்தாவதின் மேல் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குச் சிவப்புக் கோடு. ஆஞ்சப்பனுக்குப் பத்தும் சரி. ஆகவே வேலை அவருக்கு என்று ஊரெல்லாம் பேச்சு.

கேள்வி இதுதான்: 25.4 கிராம் அயோடினில் எத்தனை அணுக்கள் உள்ளன? இதைவிடச் சுலபமான கேள்வி அந்தத் தாளிலேயே இல்லை. எடையை அணு எடையால் வகுக்க வேண்டும். அயோடினின் அணு எடை 127. ஆக ஐந்தில் ஒரு பங்கு. அதை அவகாட்ரோ எண்ணால், அதாவது ஆறுக்குப் பின்னால் இருபத்து மூன்று சைபர் போட்ட அந்த எண்ணால், பெருக்க வேண்டும். நூற்றிருபது கோடி கோடி கோடி அணுக்கள். நம் ஊரில் எல்லாருக்கும் புரியட்டும் என்று கோடியில் எழுதினேன். அது குற்றமா?

குமாஸ்தா ஆஞ்சப்பனின் விடையையும் காட்டினார். அறுபது கோடி கோடி கோடி. அதற்கு நீங்கள் போட்டிருப்பது சரி என்று ஒரு குறி. மீதி அறுபது கோடி கோடி கோடி அணுக்களை எங்கே தொலைத்தீர்கள் மாமா? பஸ்ஸிலா?

வைகாசியில் கமிட்டி கூடி முடிவு செய்யும். அதற்குள் கோட்டை அழித்து எழுதி அனுப்புங்கள்.

கோபத்துடன்,
காவேரி


பெங்களூர்
4-5-1957

காவேரிக்கு,

உன் கடிதம் வந்தது. உன் கையெழுத்து எனக்குத் தெரியும். தெரிந்ததால்தான் அந்தத் தாளை இரண்டாவது முறை பார்த்தேன். இரண்டாவது முறையும் தப்பாகவே இருந்தது. அப்புறம்தான் கோடு போட்டேன். வேறு யாருடைய தாளாக இருந்தாலும் கொஞ்சம் சின்னக் கோடாகப் போட்டிருப்பேன். மாமன் மகளுக்கு இவன் சலுகை காட்டினான் என்று நாளைக்கு ஒருவரும் சொல்லக் கூடாது.

மற்ற ஒன்பது விடைகளைப் படிக்கும்போது எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது என்று உனக்குத் தெரியாது. இங்கே என்னிடம் பரிசோதனை செய்யும் பையன்களில் ஒருவனும் அப்படி எழுத மாட்டான். அம்மாவிடம் வாசித்துக்கூடக் காட்டினேன். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனாலும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

பத்தாவதில் நீ இடறிவிட்டாய். அயோடின் தனியாக நிற்கிற சரக்கா? அது எப்போதும் ஜோடி. நூற்றிருபத்தேழும் நூற்றிருபத்தேழும் சேர்ந்து இருநூற்றைம்பத்து நான்கு. 25.4-ஐ அதனால் வகுத்தால் பத்தில் ஒரு பங்கு. அவகாட்ரோ எண்ணில் பத்தில் ஒரு பங்கு என்ன? அறுபது கோடி கோடி கோடி. ஆஞ்சப்பன் என்பவர் யார் என்று எனக்குத் தெரியாது. ஆனால் அவர் எழுதியது சரி.

நான் ஒன்றையும் தொலைக்கவில்லை. நீதான் ஒவ்வொன்றையும் இரண்டு முறை எண்ணியிருக்கிறாய். கோட்டை அழிக்க முடியாது.

முனிராஜ்


பாகலூர்
8-5-1957

மாமாவுக்கு,

அயோடின் ஜோடியாக நிற்கும் என்று எனக்குத் தெரியாதா? அதைச் சொல்லிக்கொடுக்கவா என்னை மதராஸுக்கு அனுப்பி அப்பா பி.எஸ்ஸி. படிக்க வைத்தார்? ஜோடியாக நிற்கட்டும், கை கோத்துக்கொண்டு நிற்கட்டும். கேள்வி எத்தனை அணு என்பதுதானே? எண்ணும்போது ஒவ்வொன்றாகத்தானே எண்ண வேண்டும்? கல்யாணப் பந்தியில் புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து உட்கார்ந்தால் ஒரு இலை போதும் என்று சொல்வீர்களா?

நீங்கள் கை தவறாதவர் என்று பெயர் எடுத்தவர். அந்தப் பெயரைக் காப்பாற்றிக்கொள்ள என்னைத் தப்பாக்க வேண்டுமா? கோட்டை அழித்தால் மாமன் மகளுக்காக அழித்தான் என்பார்களே என்று பயப்படுகிறீர்கள். உங்களுக்கு உங்கள் பெயர். எனக்கு என் வேலை.

இந்த வேலை எனக்கு என்ன என்று தெரிந்துகொள்ளுங்கள். பெண்பிள்ளை பையன்களுக்கு ரசாயனம் சொல்வதா என்று கமிட்டியில் கிருஷ்ணப்பன் முதல் நாளே முணுமுணுத்தார். அப்பாவும் கறாராகச் சொல்லிவிட்டார். வேலை கிடைத்தால் சரி, இல்லையென்றால் ஆவணியில் பாரூர்க் கரும்புக்காரர் வீட்டுக்கு என்னைக் கொடுத்துவிடுவார். நல்ல குடும்பமாம். மருமகள் புத்தகம் தொடக் கூடாது என்பது மட்டும்தான் அவர்களுடைய ஒரே நிபந்தனையாம். என் புத்தகங்களைப் பரண்மேல் ஏற்ற அண்ணி சாக்குப்பை தேடி வைத்திருக்கிறாள்.

நான் தப்பு செய்திருந்தால் வாயை மூடிக்கொண்டு பாரூருக்குப் போயிருப்பேன். நான் தப்பு செய்யவில்லை. அதுதான் என்னைத் தூங்கவிடாமல் செய்கிறது.

காவேரி


பெங்களூர்
13-5-1957

காவேரிக்கு,

பாரூர் விஷயம் அம்மாவுக்கு இன்னும் தெரியாது. நான் சொல்லவில்லை. படித்துவிட்டு எனக்கு அன்றைக்கு வேலையே ஓடவில்லை. ஒரு பீக்கரை உடைத்தேன்.

ஆனாலும் கணக்கு கணக்குதான். நீ சொல்கிறபடி ஒவ்வொன்றாக எண்ணினால் அதற்குப் பெயர் பரமாணு. இரண்டு பரமாணு சேர்ந்தது ஓர் அணு. கேட்டது பரமாணு எத்தனை என்று இல்லை, அணு எத்தனை என்று. இதை நான் ஆனேக்கல் பள்ளிக்கூடத்திலேயே படித்துவிட்டேன். கேள்வியைச் சரியாகப் படிக்காமல் எழுதிவிட்டு என்மேல் கோபப்பட்டால் நான் என்ன செய்ய?

உனக்காகப் பொய் சொல்லச் சொன்னால் சொல்லலாம். நீயே அந்த மாதிரி வேலையை வாங்கிக்கொள்ள மாட்டாய். அந்த மட்டும் உன்னை எனக்குத் தெரியும்.

முனிராஜ்


(அஞ்சல் அட்டை)
பாகலூர்
16-5-1957

மாமா,

பரமாணுவா? அணுவை உடைத்து அதற்குள்ளிருந்து வேறு சரக்கை எடுத்துவிட்டீர்களா? பம்பாய்ப் பக்கம் அணு உலை கட்டியிருப்பவர்கள் உங்களைத்தான் தேடிக்கொண்டிருப்பார்கள்.

போகட்டும். ஒரே ஒரு கேள்வி. அதே 25.4 கிராம் அயோடினில் உங்கள் பரமாணு எத்தனை? எண்ணை மட்டும் எழுதுங்கள்.

காவேரி


(அஞ்சல் அட்டை)
பெங்களூர்
19-5-1957

நூற்றிருபது கோடி கோடி கோடி.

முனிராஜ்


பாகலூர்
22-5-1957

என் அருமை மாமாவுக்கு,

உங்கள் அட்டையைத் தபால்காரர் கையிலிருந்து வாங்கி அங்கேயே நின்று படித்தேன். அப்புறம் சிரித்த சிரிப்பில் அண்ணி அடுப்பை விட்டு ஓடி வந்தாள்.

எனக்கு முதலிலேயே ஓர் உறுத்தல் இருந்தது. நீங்கள் தப்பாகப் போட்டிருந்தால் விடை எக்கச்சக்கமாக எங்கேயாவது போயிருக்க வேண்டும். அது ஏன் துல்லியமாகப் பாதியில் வந்து நிற்கிறது? தப்பு அவ்வளவு ஒழுங்காக இருக்காது. அதனால்தான் அந்த அட்டையைப் போட்டேன்.

உங்கள் பரமாணுதான் எங்கள் அணு. கிருஷ்ணகிரியில் நான் படித்த தமிழ்ப் பாடத்தில் தனியாக நிற்கும் அந்த ஒற்றைப் பொடிக்குப் பெயர் அணு. அவை சேர்ந்து நிற்பதற்குப் பெயர் மூலக்கூறு. நீங்கள் ஆனேக்கலில் படித்த கன்னடப் பாடத்தில் ஒற்றைக்குப் பெயர் பரமாணு, சேர்ந்து நிற்பதற்கு அணு. அண்ணி மாலூர்க்காரி ஆயிற்றே, அவளைக் கேட்டேன். "ஆமா, அணுன்னா சேர்ந்தது தானே, இதுல என்ன சந்தேகம்?" என்றாள். கொல்லைப்பக்கத்து வெள்ளையம்மாவின் தங்கை ஆந்திராவில் வாத்தியாரம்மா, லீவுக்கு வந்திருக்கிறாள். தெலுங்கிலும் அப்படியே என்றாள். இந்த ஊரில் நான் ஒருத்திதான் தனியாக நின்றிருக்கிறேன்.

நீங்கள் அத்தையிடம் தமிழ் எழுத்துக் கற்றீர்கள், பள்ளிக்கூடத்தில் கன்னடத்தில் ரசாயனம் கற்றீர்கள். தமிழில் எழுதியிருந்த கேள்வியைக் கண் தமிழில் படித்தது, மூளை கன்னடத்தில் படித்தது. ஆஞ்சப்பனுக்கும் அதே கதைதான். கல்லூரியில் நாம் இருவரும் இங்கிலீஷில்தான் படித்தோம். அந்த வாத்தியார் இங்கிலீஷிலேயே ஆட்டம் என்று எழுதியிருந்தால் இந்த ஆட்டமே நடந்திருக்காது.

நான் சரி மாமா. கேள்வி தமிழில் இருந்தது, நான் தமிழில் சரி. எனக்கு எவ்வளவு கர்வமாக இருக்கிறது என்று மறைக்கப் போவதில்லை. நீங்களும் கணக்கில் தவறவில்லை, அதிலும் எனக்கு ஒரு சந்தோஷம். ஏன் என்று கேட்காதீர்கள்.

கமிட்டி ஜூன் இரண்டாம் தேதி கூடுகிறது. நானே பேசிக்கொள்வேன். நீங்கள் வர வேண்டாம். வந்தால் மாமன் மகளுக்குப் பரிந்து பேச வந்தான் என்பார்கள். அதை நான் தாங்க மாட்டேன்.

காவேரி


பெங்களூர்
26-5-1957

காவேரிக்கு,

இதுவரை என் சிவப்புக் கோட்டை நான் திரும்ப எடுத்ததில்லை. இதுதான் முதல் தடவை. எடுப்பது நீ காட்டிய வழியில் என்பதால் எனக்கு வெட்கமாக இல்லை. கல்லூரியில் எங்கள் பேராசிரியரிடமே இதைச் சொன்னேன். யார் கண்டுபிடித்தது என்று கேட்டார். என் மாமன் மகள் என்றேன். சத்தமாகவே சொன்னேன்.

நீ வர வேண்டாம் என்றாய், வரவில்லை. ஆனால் பேசாமலும் இருக்க முடியாது. திம்மராயனுக்கு இன்றே கடிதம் போட்டுவிட்டேன். தமிழில் கேட்ட கேள்வியைக் கன்னடத்தில் படித்துத் திருத்தியது என் தவறு, முதல் தாளின் பத்தாவது விடை சரி, அதை எழுதியவர் என் மாமன் மகள் என்பதும் எனக்கு அப்போதே தெரியும், எல்லாவற்றையும் எழுதிவிட்டேன். மறைத்துச் சொன்னால் அது பின்னால் உன்மேல்தான் வந்து விழும்.

பெயர் போனால் போகட்டும்.

முனிராஜ்


பாகலூர்
3-6-1957

மாமாவுக்கு,

உங்கள் கடிதம் எனக்குக் கெடுதலாக முடியத்தான் பார்த்தது. இருந்தாலும் அதைத் திம்மராயனிடமிருந்து கேட்டு வாங்கிப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

நேற்றுக் கூட்டத்தில் அவர் அதை உரக்கப் படித்தார். மாமன் மகள் என்ற இடம் வந்ததும் கிருஷ்ணப்பன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "அதானே பாத்தேன். மொதல்ல தப்புன்னாரு, இப்ப செரின்றாரு. நடுவுல என்ன நடந்துச்சுன்னு நமக்குத் தெரியாதா?" என்றார். நாலு பேர் சிரித்தார்கள். அப்பா கடைசி வரிசையில் தலை குனிந்து உட்கார்ந்திருந்தார். அந்தத் தலையைப் பார்த்ததும் எனக்கு இருந்த பயம் போய்விட்டது. எழுந்து நின்றேன்.

திம்மராயன் போன வாரம்தான் மாட்டுச் சந்தைக்குப் போய் வந்தார். அது ஊருக்கே தெரியும்.

"ஐயா, சந்தையில எத்தனை வாங்கினீங்க?" என்று கேட்டேன்.

"நாலு ஜோடி."

"இன்னிக்குக் காலையில தொட்டியில எத்தனை மாடுங்க தண்ணி குடிச்சுது?"

"எட்டு."

"நாலா எட்டாங்க? எது செரி?"

"ரெண்டும் செரிதாம்மா. ஜோடின்னு எண்ணுனா நாலு, தலைய எண்ணுனா எட்டு."

"அயோடினும் அப்படித்தாங்க. தமிழ்ல அணுன்னா தலை. கன்னடத்துல, தெலுங்குல அணுன்னா ஜோடி. நான் தலைய எண்ணுனேன். அவரு ஜோடிய எண்ணுனாரு. மாடு ஒண்ணும் கொறையல. எங்க மாமா திருத்தினப்ப ஜோடின்னு நெனச்சுத் திருத்திட்டாரு. யாரும் யாருக்கும் எதையும் விட்டுக் குடுக்கல."

கூட்டத்தில் சளசளவென்று பேச்சு. ஆளுக்கு ஒரு பாஷையில் அணு, பரமாணு என்று சொல்லிப் பார்த்தார்கள். கிருஷ்ணப்பன் மட்டும் விடவில்லை. "மாடு செரிம்மா. வேலை ஒண்ணுதானே? ரெண்டு பேரும் செரின்னா அதை எப்படிப் பாதி பண்றது?" என்றார். நியாயமான கேள்விதான். இதற்கு நான் தயாராகப் போகவில்லை. வாயில் வந்ததைச் சொன்னேன்.

"இந்தப் பள்ளிக்கூடத்துக்கு வரப்போற பிள்ளைங்க பாதிப் பேரு வீட்டுல தெலுங்கும் கன்னடமும். புஸ்தகம் தமிழ்ல இருக்கும். வாத்தியாரு அணுன்னா அவங்க காதுல ஜோடின்னு விழும். வருஷம் பூரா கணக்கு பாதியாப் போகும், ஏன் போவுதுன்னு பிள்ளைக்கும் தெரியாது, வாத்தியாருக்கும் தெரியாது. பிள்ளைங்க எங்க இடறும்னு தெரிஞ்சவங்களுக்கு வேலையக் குடுங்க. அது நானா இருந்தாலும் செரி, அவரா இருந்தாலும் செரி."

திம்மராயன் ஆஞ்சப்பன் பக்கம் திரும்பினார். "உனக்கு இது தெரியுமாப்பா?"

ஆஞ்சப்பன் எழுந்தார். நல்ல மனிதர் மாமா. "இந்த நிமிஷம் வரைக்கும் தெரியாதுங்க. இந்தம்மா சொல்லித்தான் தெரியுது. எனக்குக் கணக்குப் பாடம் இருந்தாக் குடுங்க. ரசாயனம் அவங்களே சொல்லட்டும்," என்றார்.

முடிந்தது. ரசாயனம் எனக்கு, கணக்கு அவருக்கு. கிருஷ்ணப்பன் வெளியே வரும்போது தன் மகளை எந்த வகுப்பில் சேர்க்கலாம் என்று என்னிடமே கேட்டார்.

அப்பா வீட்டுக்கு வந்ததும் பாரூருக்கு ஆள் அனுப்பி, அந்தப் பேச்சை விட்டுவிடச் சொல்லிவிட்டார். இன்றைக்குக் காலையில் கடைத்தெருவில் நின்று, "எம் மக காவேரி, போன அறுபது கோடி கோடி கோடியத் திரும்ப வாங்கிட்டா" என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லியிருக்கிறார். ஏதோ பெரிய சிவில் கேஸ் ஜெயித்துவிட்டோம் என்று பக்கத்து வீட்டு மாரம்மா கையில் தேங்காயோடு வாழ்த்த வந்துவிட்டாள். அவளுக்கு எடுத்துச் சொல்வதற்குள் எனக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. அப்பாவோ, விடும்மா, அப்படியே இருக்கட்டும் என்கிறார்.

உங்கள் பெயர் போகவில்லை. தப்பை இப்படி ஒப்புக்கொள்கிற ஆள்தான் தாள் திருத்த வேண்டும் என்று திம்மராயன் சொன்னார். அடுத்த வருஷமும் உங்களுக்கே அனுப்புவாராம். எனக்கு என் வெற்றியைவிட இது ஒரு பிடி அதிகமாகவே இனித்தது. இதை ஏன் எழுதுகிறேன் என்று எனக்கே தெரியவில்லை.

காவேரி


பெங்களூர்
9-6-1957

காவேரிக்கு,

நாலு ஜோடி, எட்டு மாடு. இதை எங்கள் பேராசிரியரிடம் சொன்னேன், அடுத்த வகுப்பில் அதையே சொல்லிவிட்டார். பாகலூர் உதாரணம் என்று பெயரும் வைத்துவிட்டார். நான் பின்வரிசையில் நின்று மார்பை நிமிர்த்திக்கொண்டேன்.

ஆய்வுக்கூடத்தில் இன்றைக்கு 25.4 கிராம் அயோடினை நிறுத்து ஒரு சின்ன மூடிபோட்ட புட்டியில் வைத்துப் பார்த்தேன். கருநீலமாக, உள்ளங்கையில் அடங்கிவிடும் அளவுதான். இதற்குள்ளா இத்தனை சண்டை என்று தோன்றியது. புட்டியை வெயிலில் வைத்தால் ஊதாப் புகை எழுந்து நிறைகிறது. உன் வகுப்பில் காட்ட நன்றாக இருக்கும். கல்லூரியில் கேட்டு அனுமதி வாங்கியிருக்கிறேன். பத்திரமாகக் கொண்டுவர வேண்டிய பொருள் அது, தபாலில் அனுப்ப முடியாது. நேரில்தான் வர வேண்டும்.

தனியாக வருவதா, அம்மாவோடு தட்டும் வெற்றிலை பாக்குமாக வருவதா என்பதை நீதான் சொல்ல வேண்டும். அம்மா பல வருஷமாகக் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறாள். இப்போது அம்மாவுக்காகக் கேட்கவில்லை, எனக்காகவே கேட்கிறேன். நீ பாரூர் என்று எழுதிய அன்றைக்கு உடைந்த பீக்கர் சும்மா உடையவில்லை.

எங்கள் பாடத்தில் ஒரு வரி உண்டு. இரண்டு பரமாணு சேர்ந்தால் ஓர் அணு. பள்ளியில் மனப்பாடம் செய்தபோது அதில் இவ்வளவு இருக்கிறது என்று தெரியவில்லை.

உன் பதிலுக்குக் காத்திருக்கும்,
முனிராஜ்


பாகலூர்
14-6-1957

மாமாவுக்கு,

பள்ளிக்கூடம் திறந்துவிட்டது. கரும்பலகையில் நடுவே ஒரு கோடு இழுத்து, ஒரு பக்கம் ஒற்றைக்கு அணு, பரமாணு என்றும் மறுபக்கம் ஜோடிக்கு மூலக்கூறு, அணு என்றும் எழுதிவிட்டுத்தான் பாடத்தையே ஆரம்பித்தேன். எந்தச் சொல் எந்த வீட்டில் எதைக் குறிக்கும் என்று பிள்ளைகள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். ஒரு கணக்கும் பாதியாகப் போகவில்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். வெட்கப்பட்டுச் சுற்றி வளைத்து எழுத எனக்கு வராது. சம்மதம். ஆனால் எண்ணிக்கையை முன்கூட்டியே பேசித் தீர்த்துக்கொள்ள வேண்டும். நமக்குள் ஒரு சிவப்புக் கோடு போதும்.

நான் இந்த வேலையை விட மாட்டேன். பெங்களூர் பஸ் தினமும் இந்தப் பக்கம் வருகிறது, இந்தப் பக்கத்திலிருந்து தினமும் அந்தப் பக்கமும் போகிறது. எந்த நாளில் யார் ஏறுவது என்பதை உட்கார்ந்து பேசுவோம். என் புத்தகங்கள் பரணுக்குப் போகாது. என் சம்பளத்துக்கு நான்தான் கையெழுத்துப் போடுவேன். காவேரி, பி.எஸ்ஸி., ரசாயன ஆசிரியை என்று அழகாகப் போடக் கற்றுக்கொண்டிருக்கிறேன், முனிராஜ் மனைவி என்று ஆன பிறகும் அது அப்படியே இருக்கும்.

இதற்கெல்லாம் சரி என்றால் அத்தையை அழைத்துக்கொண்டு வாருங்கள். அயோடினையும் மறக்காமல் கொண்டுவாருங்கள்.

இரண்டு சேர்ந்தால் ஒன்று என்கிறது உங்கள் பாடம். கேட்க இனிப்பாகத்தான் இருக்கிறது. ஊரார் கேட்டால் அப்படியே சொல்லுங்கள், நான் மறுக்க மாட்டேன். வீட்டுக்குள் மட்டும் தமிழில் எண்ணுங்கள் மாமா. சேர்ந்தே நின்றாலும் நாம் இரண்டு.

காவேரி